முப்பத்தொன்று என்று நான் எழுதியது

11.3.1986 — பாளத்தின் கனம் 4.65 மி.மீ. ஓர் ஏடு 0.15 மி.மீ. 4.65 ÷ 0.15 = 31.
19.5.1986 — பூஜ்யப் பிழை + 0.03 மி.மீ. திருத்திய பதிவுகள் 412.
11.3.2014 — உரித்தது 28. மீதி 3.
2.6.2014 — 4.62 ÷ 0.12 = 38.5.
9.8.2016 — வலது கண்: பார்வை இல்லை.
11.3.2017 — உரித்தது 31. மீதி 0.94 மி.மீ.

இந்த ஆறு வரிகளும் என் தங்கை கணவரைப் பற்றியவை. அவரை நான் மாப்பிள்ளை என்றுதான் கூப்பிட்டேன். கம்பெனியில் அவருக்குக் காக்காப்பொன் சாமி என்று பெயர். சாமி என்பதைப் பணிந்து சொன்னவர்கள் நாலு பேர். சிரித்துக்கொண்டே சொன்னவர்கள் மற்ற எல்லோரும்.

நாங்கள் மூவரும் வேலை பார்த்தது காக்காப்பொன் கம்பெனியில். பள்ளிப் புத்தகத்தில் அதை அப்பிரகம் என்று போட்டிருப்பார்கள், இங்கிலீஷில் மைக்கா. பாறையோடு பாறையாக வரும்; தட்டினால் ஏடு ஏடாகப் பிரியும். தீயில் எரியாது, மின்சாரத்தைக் கடத்தாது, கண்ணாடி போல அந்தப் பக்கம் தெரியும். இஸ்திரிப் பெட்டியின் வயிற்றுக்குள் இருப்பது அதுதான். பெரிய உலைகளின் கதவில் உள்ளே எட்டிப் பார்க்க உள்ளங்கை அகலத்தில் ஒரு ஜன்னல் இருக்குமே, அதுவும் அதுதான்.

ஏடு பிரிக்கும் கூடத்தில் எண்பது பெண்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். என் தங்கை அதில் பதினாலு வருடம் இருந்தாள். பிரித்த ஏடுகள் என் மேஜைக்கு வரும். ஸ்க்ரூ கேஜில் வைத்துக் கனம் பார்த்துப் பதிவேட்டில் எழுதுவது என் வேலை. மாப்பிள்ளை வெளிவேலைக்காரர். தோள்பையில் சுத்தியும் திருப்புளியும் போட்டுக்கொண்டு உலை இருக்கும் பட்டறைகளுக்கெல்லாம் போய் ஜன்னல் மாட்டிவிட்டு வருவார்.

அந்த ஜன்னல்தான் அவருக்குக் குரு. தீக்கு எதிரே நிற்கும் ஏடு நாலைந்து மாதத்தில் மங்கிப் பால்நிறமாகிவிடும். ஜன்னலை மாற்ற வேண்டியதில்லை. மங்கிய ஏட்டை மட்டும் உரித்தால் போதும். பின்னால் புத்தம் புதிதாக அடுத்த ஏடு தெளிவாக நிற்கும். பத்து வருடம் இதைச் செய்த மனிதர், ஒரு நாள் கண்ணாடிப் பட்டறை ஒன்றிலிருந்து வந்து என் மேஜை முன்னால் நின்றார்.

"அந்தப் பக்கம் தீ. இந்தப் பக்கம் என் மூக்கு. நடுவுல நகக்கனம் கூட இல்ல மச்சான். ஆனா நான் வேகல. ஏன்னு யோசிச்சீங்களா?"

"அப்பிரகம் வெப்பத்தைக் கடத்தாது மாப்பிள்ளை."

"அது உங்களுக்குத் தெரிஞ்ச பதில். எனக்கு வேற பதில் வருது."

அவருக்கு வந்த பதில் இதுதான். மனிதனுக்கும் அவனுடைய தீக்கும் நடுவில் ஏடுகள் உண்டு. பிறக்கும்போது கொடுத்து அனுப்பியவை. வருடத்துக்கு ஒன்று துக்கத்தில் மங்கும். மங்கினதை உரி, உரிச்சதைத் திட்டாதே, அது இனி உன்னுடையது இல்லை, அடுத்ததில் பார். கடைசி ஏடும் போனால் அப்புறம் நேருக்கு நேர். ஏட்டு வழி என்று அதற்குப் பெயர் வைத்தார். தையல்காரர் ஒருவர் தன் கடை மாடியைக் கொடுத்தார். வியாழன்தோறும் அங்கே நாலு பேர் உட்கார்ந்து இதைப் பேசினார்கள்.

நான் அதில் சேரவில்லை. ஆனால் கேலியும் செய்ததில்லை. என் மனைவி இறந்த வாரம் ஆளாளுக்கு ஆறுதல் சொல்லிவிட்டுப் போனார்கள். மாப்பிள்ளை மட்டும் ஒன்றும் சொல்லாமல் ஒரு மங்கிய ஏட்டை என் கையில் வைத்து, "வச்சுக்காதீங்க மச்சான். எங்கயாவது போட்டுடுங்க" என்றார். நான் போடவில்லை. 1983-ஆம் வருடப் பதிவேட்டில் பக்க அடையாளமாக இருக்கிறது. ஆகவே அவர் வழியில் ஒன்றுமே இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வராது. அதைக் கெடுத்தது நான்தான்.

1986 மார்ச் 11, செவ்வாய்க்கிழமை. சாப்பாட்டு வேளை. மாப்பிள்ளை கைக்குட்டையில் சுற்றிய ஒரு காக்காப்பொன் பாளத்தைக் கொண்டுவந்தார். தேன் நிறம், உள்ளங்கை அளவு, ஒரு கீறல் கிடையாது. கழித்துப்போட்ட குவியலில் கிடைத்ததாம். மேலிருந்து நகத்தால் நெம்பி ஓர் ஏட்டை உரித்துப் பக்கத்தில் வைத்தார்.

"இது எவ்வளவு கனம்னு பாருங்க."

அவர் கேட்டது கனம் மட்டும். நான் பாளத்தை அளந்தேன், 4.65. ஏட்டை அளந்தேன், 0.15. இதோடு நிறுத்தியிருக்க வேண்டும். எதைக் கண்டாலும் வகுத்துப் பார்ப்பது என் கெட்ட பழக்கம். சட்டைப்பைக் குறிப்பேட்டில் வகுத்தேன்.

"முப்பத்தொரு ஏடு இருக்கு மாப்பிள்ளை. மீதியே வராம வகுபடுது."

"மீதியே வரலியா?"

"வரல."

பாளத்தைக் கைக்குட்டையில் திரும்பச் சுற்ற அவருக்கு வெகுநேரம் பிடித்தது. "அப்ப இது எனக்குன்னே வந்த கல்லு" என்றார். சும்மா சொல்கிறார் என்று நினைத்துக்கொண்டு நான் சாப்பிடப் போனேன்.

அடுத்த வருடம் அதே தேதியில் தையல்காரர் மாடியில் முதல் ஏட்டை உரித்தார். அன்றைக்கு அவருக்கு முப்பத்தொன்பது வயது. எழுபதுக்கு மேல் போக மாட்டேன், கல்லே சொல்லிவிட்டது என்று நாலு பேர் முன்னால் சொன்னார். ஒரு சட்டமும் போட்டார்: இரும்பு இனி அந்தக் கல்லைத் தொடக் கூடாது. மூங்கில் சீவல்தான். அதாவது என் ஸ்க்ரூ கேஜும் தொடக் கூடாது.

இருபத்தேழு வருடம் இது யாருக்கும் தொந்தரவாக இல்லை. முப்பத்தொன்று தூரத்தில் இருந்தது. சொல்லப்போனால் அவர் நிம்மதியாக இருந்தார். சீட்டு எடுத்த பயணி வண்டியில் தூங்குவது போல. கம்பெனியை மூடினார்கள், எல்லோரும் அழுதோம், அவர் ஓர் ஏட்டை உரித்தார்.

பிறகு கண் மங்கியது. உலைத் தீயையே பார்த்த கண் சீக்கிரம் புரை விழும் என்று கண் டாக்டரம்மா சொன்னார். 2014 ஏப்ரலில் நானும் தங்கையும் அவரைக் கூட்டிக்கொண்டு போயிருந்தோம்.

"ரெண்டு கண்ணுலயும் இருக்கு. ஒண்ணொண்ணா எடுத்துடலாம் ஐயா. இருபது நிமிஷ வேலை."

"எத்தனை வருஷம் வரும்?"

"நீங்க இருக்கிற வரைக்கும்."

"அது மூணு வருஷம்தான். காலி பண்ணப் போற வீட்டுக்கு யாராவது வெள்ளையடிப்பாங்களா டாக்டரம்மா?"

டாக்டரம்மா பேனாவைக் கீழே வைத்தார். "இவருக்கு வேற என்ன வியாதி இருக்கு?" என்று தங்கையிடம் கேட்டார்.

"எங்கண்ணன்தான்" என்றாள் தங்கை.

வெளியே வந்ததும் நான் அவருடைய வழியாலேயே அவரை மடக்கப் பார்த்தேன். "மங்கினதை உரின்னு சொன்னது நீங்கதானே? கண்ணுல மங்கியிருக்கு. உரிக்க வேண்டியதுதானே?"

"கல்லுல இருக்கிறதை நான் உரிக்கலாம். உடம்புல போட்டதைப் போட்டவன்தான் உரிக்கணும்."

"இது எப்ப வந்த சட்டம்?"

"இப்பத்தான்" என்றார். அவரோடு வாதாடுவது சேற்றில் கம்பு நடுவது போல. எந்தப் பக்கம் அழுத்தினாலும் இடம் கொடுக்கும், நிற்க மட்டும் நிற்காது.

ஜூன் 2-ஆம் தேதி பழைய பெட்டிகளை ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்தேன். 1986-க்கான காகிதக் கட்டில் ஒரு துண்டுச் சீட்டு இருந்தது. அளவுக் கருவிகளைச் சோதிக்கிறவர் கொடுத்தது, மே 19 தேதியிட்டது. என் ஸ்க்ரூ கேஜின் வாயை முழுக்க மூடினால் அளவு பூஜ்யத்தில் நிற்க வேண்டும், 0.03-இல் நிற்கிறது என்று அதில் இருந்தது. மார்ச் 3-ஆம் தேதி கேஜ் மேஜையிலிருந்து விழுந்ததும் நினைவுக்கு வந்தது. தினமும் காலையில் மூடிப் பார்ப்பது விதி. அந்த இரண்டரை மாதம் நான் ஏன் பார்க்கவில்லை என்பதற்குப் பதிவு இல்லை.

சீட்டு வந்த அன்றே, மார்ச் 3 முதல் எழுதிய நானூற்றுப் பன்னிரண்டு பதிவுகளையும் சிவப்பு மையில் திருத்தியிருக்கிறேன். ஒவ்வொன்றிலும் 0.03 கழித்து, பக்கத்தில் கையெழுத்து. நானூற்றுப் பதிமூன்றாவது அளவை மட்டும் திருத்தவில்லை. அது கம்பெனிப் பதிவேட்டில் இல்லை. என் சட்டைப்பையில் இருந்தது.

பாளம் 4.65 இல்லை, 4.62. ஏடு 0.15 இல்லை, 0.12. பாளத்துக்கு 0.03 என்பது யானை மேல் கொசு. ஏட்டுக்கு அது ஐந்தில் ஒரு பங்கு. வகுத்தேன். முப்பத்தெட்டரை வந்தது. மீதி வராமல் வகுபட்டதைப் பெருமையாகச் சொன்ன அன்றே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். கல்லுக்கு என்ன அவசியம், மீதி வராமல் வகுபட?

வியாழக்கிழமை தையல்காரர் மாடிக்கு ஏறினேன். அந்தப் படியில் நான் ஏறியது அதுதான் முதல் தடவை. தையல்காரர், ஓய்வு பெற்ற தபால்காரர், இன்னும் இரண்டு பேர், நடுவில் மாப்பிள்ளை. நின்றபடியே சொன்னேன். என் அளவு பிழை, என் கருவி பிழை, என் வகுத்தல் பிழை. முப்பத்தொன்று என்பது கல் சொன்னது அல்ல, கீழே விழுந்த கேஜ் சொன்னது. சீட்டையும் எடுத்து நீட்டினேன்.

யாரும் சீட்டை வாங்கவில்லை. தையல்காரர் எழுந்து என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தங்கச்சிக்காக ஒரு பொய் சொல்றதுக்கு உங்களுக்கு இத்தனை வருஷம் ஆயிருக்கு. பெரிய மனசு சார்."

"பொய் இல்ல. இதோ சீட்டு."

"நீங்க எழுதினதுல தப்பு இருக்காதுன்னு ஊருக்கே தெரியும்" என்றார் தபால்காரர். "என் முப்பது வருஷ சர்வீஸ்ல விலாசம் முழுசா எழுதின ஒரே ஆளு நீங்கதான்."

"மாப்பிள்ளை, அந்தக் கல்லைக் கையில எடுத்துப் பாருங்க. மூணு ஏடு இருக்கிற கனமா அது? பத்து இருக்கும்."

அவர் கைக்குட்டையை அவிழ்த்து விரலால் தடவிப் பார்த்தார். அவருக்கே தெரியாமல் போகாது.

"கனமாத்தான் இருக்கு" என்றார் மெதுவாக. "கடைசி ஏடெல்லாம் அப்படித்தான். அதனாலதான் வயசாக ஆக நாள் நகர மாட்டேங்குது."

மற்ற நாலு பேரும் தலையை ஆட்டினார்கள். தையல்காரர் அதை ஒரு நோட்டில் எழுதிக்கொண்டார். நான் படி இறங்கி வந்தேன்.

நாற்பது வருடம் பிழையில்லாத ஆள் என்று பெயர் எடுத்ததற்கு எனக்குக் கிடைத்த பலன் அது. செய்த ஒரே பிழையை ஒப்புக்கொள்ளப் போனால், ஊரே சேர்ந்து இல்லை என்கிறது.

பேச்சில் பலனில்லை என்று கடிதம் எழுத ஆரம்பித்தேன். இரண்டு தெரு தள்ளி இருக்கும் வீட்டுக்குத் தபால். ஒவ்வொன்றிலும் பொருள், பார்வை, இணைப்பு. ஒன்றில் சீட்டின் நகல். இன்னொன்றில் பூஜ்யப் பிழை என்றால் என்ன என்று படம் போட்டு விளக்கம். அவரால் வாசிக்க முடியாது. தங்கைதான் வாசித்துக் காட்டுவாள். மூன்று வருடத்தில் பதினேழு கடிதம் போட்டேன். பதில் நாலு வந்தது, எல்லாம் தங்கை கையெழுத்தில். நாலாவது பதிலின் அடியில் அவள் தன் கணக்கில் ஒரு வரி சேர்த்திருந்தாள்: "அண்ணே, இது அவர் சொல்லச் சொல்ல எழுதியது. என்னைக் கேட்டால் வேறு எழுதுவேன்." அந்த வரியைப் படித்தேன், கோப்பில் வைத்தேன். என்ன எழுதுவாய் என்று கேட்கத் தோன்றவில்லை.

2016 ஆகஸ்டில் வலது கண்ணில் தாங்க முடியாத வலி. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். புரை முற்றிக் கண்ணுக்குள் அழுத்தம் ஏறி நரம்பு செத்துவிட்டது என்றார் டாக்டரம்மா. இனி அந்தக் கண்ணுக்குச் செய்ய ஒன்றுமில்லை. "இடதும் இதே வழியிலதான் போகுது. இதையாவது விட்டுடாதீங்க" என்றார். மாப்பிள்ளை கட்டிலில் படுத்தபடி, "இன்னும் ஏழு மாசம்தானே" என்றார். தங்கை எழுந்து வராந்தாவுக்குப் போய்விட்டாள்.

2017 மார்ச் 11 சனிக்கிழமை. முப்பத்தோராவது ஏடு. முந்தின வாரமே தோள்பையை யாருக்கோ கொடுத்துவிட்டார். இரவல் வாங்கிய ஏணியைத் திருப்பிக் கொடுத்தார். வெளுத்த சட்டை போட்டுக்கொண்டு, தங்கை தோளைப் பிடித்தபடி மாடி ஏறினார். நானும் போயிருந்தேன். கூப்பிடவில்லை, போனேன்.

மூங்கில் சீவலை விளிம்பில் வைத்து, கண்ணின் துணையில்லாமல் விரலாலேயே தேடி, மெல்ல நெம்பினார். ஏடு வந்தது. அதை வலப்பக்கம் வைத்தார். இடது கையை மூடினார். மூடிய கைக்குள் கல் இருந்தது.

கீழே தையல் மெஷின் ஓடும் சத்தம் கேட்டது. கடைசியில் தபால்காரர்தான் சொன்னார்.

"சாமி, இன்னும் இருக்கே."

அன்று அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. மறுநாளும் ஆகவில்லை. மூன்றாம் நாள் காலை தங்கையைக் கூட்டிக்கொண்டு என் வீட்டுக்கு வந்தார். மூன்று வருடத்தில் முதல் தடவை. உட்காரவில்லை.

"நீங்க எழுதினது தப்பு."

"மூணு வருஷமா அதைத்தான் சொல்றேன் மாப்பிள்ளை."

"சொன்னீங்க. அழுத்திச் சொல்லலியே."

பதினேழு கடிதங்களின் நகலும் பக்கத்து அலமாரியில் தேதி வாரியாக இருந்தன. நான் அலமாரியைப் பார்த்தேன். அவரால் அதைப் பார்க்க முடியாது.

"உங்க எண்ணை நம்பி ஒரு கண்ணை விட்டேன்" என்றார். பிறகு கைக்குட்டையை அவிழ்த்துக் கல்லை நீட்டினார். "இரும்பு தொடட்டும். அளங்க."

அளந்தேன். இந்தத் தடவை முதலில் வாயை மூடிப் பூஜ்யத்தைப் பார்த்தேன், மூன்று முறை. 0.94.

"முப்பத்தெட்டுல முப்பத்தொண்ணு போக ஏழு" என்றார். "ஏழுன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க. போன தடவை கையெழுத்து வாங்காம விட்டதுதான் தப்பாப் போச்சு."

"இடது கண்ணு?"

"ஏழு வருஷம்தானே. மங்கலாத் தெரியறது போதும். காலி பண்ணப் போற வீட்டுக்கு..."

"வெள்ளையடிக்க மாட்டாங்க. தெரியும்."

அவர்கள் போனார்கள். முப்பத்தெட்டு, முப்பத்தெட்டு என்று மூன்று வருடம் தொண்டை வற்றக் கத்தினேன். ஒருவரும் ஏற்கவில்லை. இப்போது ஏற்றுக்கொண்டார், ஏற்றுக்கொண்ட அந்த நொடியில் அந்த எண்ணே எனக்குப் பகையாகிவிட்டது. அந்த வாரம் தையல்காரர் வழியில் நிறுத்தி, "முப்பத்தெட்டரைன்னீங்களே, அந்த அரைக்கு என்ன அர்த்தம்?" என்று கேட்டார். நான் பதில் சொல்வதற்குள் தபால்காரர், "அரை ஏடுன்னா ஆறு மாசம்" என்றார். சாமி ஏற்கெனவே சொல்லிவிட்டாராம்.

இடது கண்ணுக்கு டாக்டரம்மா மார்ச்சில்தான் இரண்டு மாதம் கெடு வைத்திருந்தார். ஏழு என்று எழுதினால் அது சரியான விடை, கண் போய்விடும். இருபது என்று எழுதினால் பொய், கண் மிஞ்சும். ஏப்ரல் முழுவதும் தாளை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். நாலு தடவை இருபது என்று எழுதினேன். நாலு தடவையும் அந்தக் கையெழுத்து என்னுடையது மாதிரியே இல்லை. கிழித்துப்போட்டேன்.

மே 2-ஆம் தேதி தங்கை ஆள் அனுப்பினாள். போனேன். சமையலறை மேஜையில் மாப்பிள்ளை உட்கார்ந்திருந்தார். எதிரே அந்த முப்பத்தோராவது ஏடு. பக்கத்தில் தங்கையின் பழைய கத்தி. ஏடு பிரிக்கும் கூடத்தில் அவள் பதினாலு வருடம் பிடித்தது, தேய்ந்து தேய்ந்து இலை போல ஆனது.

"உக்காருங்கண்ணே. ரெண்டு பேரும் வாயைத் திறக்கக் கூடாது."

"இரும்பு..." என்று ஆரம்பித்தார் மாப்பிள்ளை.

"உரிச்சது உங்களுது இல்லன்னு சொன்னது யாரு? உங்களுது இல்லாததை நான் தொட்டா உங்களுக்கு என்னங்க?"

அவர் அடங்கினார். தங்கை ஏட்டை விளக்குக்கு நேரே பிடித்து விளிம்பைப் பார்த்தாள். கத்தி முனையை எங்கே வைத்தாள் என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு சிறு சத்தம், ஏடு இரண்டானது. இரண்டு நாலானது. நாலு எட்டானது. ஒவ்வொன்றையும் கணவர் விரலுக்கடியில் வைத்தாள். அவர் தடவித் தடவி எண்ணினார். எட்டில் ஒன்றை எடுத்து மறுபடி பிளந்தாள்.

"ஒம்பது" என்றார் அவர்.

"இன்னும் போகலாம். மூச்சுப் பட்டாப் பறந்துடும், அதான் நிறுத்தினேன்."

"இதுல எது ஒரு ஏடு?"

"நீங்கதான் சொல்லணும். முப்பது வருஷமாச் சொல்றீங்களே. நகத்துல நெம்பினா எது வந்துச்சோ அது ஒரு ஏடுன்னு நீங்க எடுத்துட்டுப் போனீங்க. இவங்க அளந்தாங்க, வகுத்தாங்க. ஏடு பிரிக்கிறதையே தொழிலா வச்சிருந்தவ ஒருத்தி வீட்டுலயே இருந்தேன். ஒரு கல்லுல எத்தனை ஏடு இருக்கும்னு ரெண்டு பேர்ல ஒருத்தராவது எங்கிட்ட கேட்டீங்களா?"

"நீயாச் சொல்லியிருக்கலாமே" என்றேன்.

"சொன்னேன். இவரு, 'அது அளவு விஷயம், அண்ணனுக்குத் தெரியும்'னாரு. உங்ககிட்ட வந்து சொன்னேன். 'உன் கை பிரிக்கிற கனத்துக்கெல்லாம் நான் கணக்கு வைக்க முடியாது'ன்னீங்க."

வீட்டுக்கு வந்து அந்த வருடக் குறிப்பேடுகளைப் புரட்டினேன். அப்படி ஒரு பேச்சு நடந்ததாகப் பதிவு இல்லை. முன்பென்றால், பதிவில்லாதது நடக்கவில்லை என்று சொல்லியிருப்பேன். கேஜின் பிழை அந்தக் கல்லையும் தொட்டிருக்கிறது என்று கண்டுபிடிக்க இருபத்தெட்டு வருடம் ஆனது எனக்கு. அது சின்னப் பிழை. 0.03-ஐத் திருத்திவிட்டு மறுபடியும் வகுத்தேனே, பெரிய பிழை அதில் இருந்தது.

மே 3-ஆம் தேதி பதினெட்டாவது கடிதத்தை எழுதினேன்.

"பொருள்: மீதி ஏடுகள். கனம்: 0.94 மி.மீ. எண்ணிக்கை: பிரிக்கும் கையைப் பொறுத்தது. இதற்கு மேல் இதில் எண் எதுவும் தர இயலாது. முன்பு தந்த இரண்டு எண்களையும் ரத்து செய்கிறேன். கண்: உடனே."

கையெழுத்துப் போட்டுத் தேதி எழுதினேன். எண் எழுத வேண்டிய இடத்தில் எண் இல்லாமல் நான் ஒப்பமிட்ட தாள் அது ஒன்றுதான். பல்லில் ஏதோ சிக்கிய மாதிரி இரண்டு நாள் இருந்தது.

தபாலில் போட்டதும் தங்கை வாசலில் வந்து நின்றாள். "நான் சொல்ற வரைக்கும் எங்க தெருப் பக்கம் வராதீங்கண்ணே. யோசிக்கிறாரு. நீங்க வந்து நின்னா மறுபடியும் ஏட்டைப் பத்திப் பேச ஆரம்பிச்சிடுவாரு."

போகவில்லை. கெடு முடியும் தேதி நாட்காட்டியில் இருந்தது, மே 11. அன்று தபால் ஒன்றும் வரவில்லை. தங்கையும் வரவில்லை. தையல்காரரிடம் கேட்டேன், சாமி இரண்டு வியாழனாக மாடிக்கு வரவில்லை என்றார். உயிரோடு இருக்கிறாரா என்று கேட்க வாயெடுத்து, கேட்காமல் வந்தேன்.

பிறகு ஒரு கடிதம் வந்தது. உறையில் இருந்த கையெழுத்தை முதலில் எனக்கு அடையாளம் தெரியவில்லை. கம்பெனி வேலைச்சீட்டுகளில் கடைசியாகப் பார்த்தது. வரிகள் வலப்பக்கமாகச் சரிந்து இறங்கின. நாலு இடத்தில் எழுத்தின் மேல் எழுத்து ஏறியிருந்தது. அவர் எனக்கு எழுதிய கடைசிக் கடிதம் அதுதான். அதற்குப் பிறகு சண்டை போட நேரிலேயே வந்துவிடுகிறார்.

"மச்சானுக்கு. இதை நானே எழுதுகிறேன். வரி சாய்வது ஒற்றைக் கண்ணால். எடுத்த புரையைக் காட்டச் சொன்னேன், டாக்டரம்மா காட்டவில்லை. உங்கள் பதினெட்டுக் கடிதத்தையும் நேற்று நானே படித்தேன். அவள் படித்துக் காட்டியபோது பாதியை விட்டிருக்கிறாள், நல்லதுதான் செய்தாள். உங்கள் கையெழுத்து இவ்வளவு பொடிசு என்று மறந்துவிட்டது. பதினெட்டாவதை மட்டும் உடனே நம்பினேன், அதில் எண் இல்லை. வலது கண்ணை உங்கள் பேரில் எழுதுவதா என் பேரில் எழுதுவதா என்று இன்னும் முடிவு செய்யவில்லை. உங்கள் நோட்டில் ஒரு வரி இடம் விட்டு வையுங்கள். வியாழக்கிழமை வாருங்கள். கேஜ் வேண்டாம்."

இடம் விட்டிருக்கிறேன். 9.8.2016-க்குக் கீழே அந்த வரி இன்னும் காலியாகவே இருக்கிறது. உறையின் மேல், வழக்கம் போல, மூலையில் குறித்தேன்:

வந்தது 22.5.2017.